இடிக்கக் கூடாத படிக்கட்டு

நான் என்ன வேலை பார்த்தேன் என்பது என் அக்காவுக்கு இன்றுவரை விளங்கவில்லை. யாராவது கேட்டால், "அவன் ஊரான் வீட்டையெல்லாம் பாத்துக்கிட்டுத் திரிஞ்சான், தனக்குன்னு ஒண்ணைக் கட்டல" என்பாள். யோசித்துப் பார்த்தால் அதைவிடச் சரியாக யாரும் சொல்லிவிட முடியாது. சினிமாவிலும் பிறகு வெப் சீரிஸ்களிலும் நான் லொகேஷன் மேனேஜராக இருந்தேன். கதைக்கு வேண்டிய வீடு, தெரு, தோட்டம், மலைப்பாதை எல்லாவற்றையும் தேடிப் பிடித்து, உரிமையாளரிடம் பேசி, அனுமதி வாங்கி, படப்பிடிப்பு முடிந்ததும் இருந்தது இருந்தபடி திருப்பிக் கொடுக்க வேண்டும். போடியிலிருந்து குமுளி வரைக்கும் எனக்குத் தெரியாத சந்து கிடையாது.

இதை எழுத உட்கார்ந்ததற்குக் காரணம் ஒரு வீடியோ. தொழிலில் இருக்கும் இளைஞர்கள் ஒரு வாட்ஸ்அப் குழு வைத்திருக்கிறார்கள். மரியாதைக்காக என்னையும் அதில் சேர்த்திருக்கிறார்கள். அதில் வந்த அந்த வீடியோவில், சின்னமனூர்ப் பக்கம் ஒரு வீட்டை லேசர் கருவியால் சுற்றிச் சுற்றி அளந்து, மேலே ட்ரோனைப் பறக்கவிட்டு, பொழுது சாய்வதற்குள் வீட்டையே கம்ப்யூட்டருக்குள் கொண்டுபோய்விட்டார்கள். இனி அந்த வீடு இடிந்தாலும் எரிந்தாலும் கவலையில்லை. சென்னையில் ஒரு பெரிய எல்.இ.டி. சுவரில் அதை வரவழைத்து, முன்னால் நடிகரை நிறுத்திக்கொள்ளலாம். "இனிமே வீட்டைப் பிடிச்சு வைக்கிற தொல்லையே இல்ல சார். உங்க காலத்துல எப்படித்தான் சமாளிச்சீங்க?" என்று ஒரு தம்பி கேட்டிருந்தான். நாலு வரியில் பதில் போடப் பார்த்தேன், முடியவில்லை.

வேலை கற்றுக்கொண்ட கதை பெரிதாக ஒன்றுமில்லை. உத்தமபாளையம் பக்கத்தில் கிறிஸ்தவக் குடும்பங்கள் நிறைந்த ஒரு கிராமம் எங்களுடையது. அப்பா மிஷன் பள்ளிக்கூடத்து வாத்தியார். எந்த சினிமா யூனிட் வந்தாலும் வரப்பில் போய் நின்று வேடிக்கை பார்ப்பேன். ஒருநாள் ஒரு மேனேஜர், "வைக்கோல் வண்டி ஒண்ணு கிடைக்குமா தம்பி?" என்றார். ஓட்டிக்கொண்டு வந்து நிறுத்தினேன். மறுநாள் படி வைத்த கிணறு கேட்டார், காட்டினேன். நிமிர்ந்து பார்ப்பதற்குள் முப்பது வருஷம் போய்விட்டது.

இந்த வேலை கண்ணைக் கெடுத்துவிடும் என்பதை மட்டும் இளைஞர்களுக்குச் சொல்லிவைக்கிறேன். எனக்குப் பெண் பார்க்கப் போனபோது, பெண் காபித் தட்டோடு வந்து நிற்க, நான் முற்றத்தில் விழுந்த வெயிலைப் பார்த்து, இங்கே மதியம் மூன்று மணிவரை லைட் போடாமலே எடுக்கலாம் என்று கணக்குப் போட்டுக்கொண்டிருந்தேன். "மாப்பிள்ளைக்குப் பொண்ணு பிடிக்கலையோ?" என்று அவர்கள் கேட்டதற்கு, "வீடு ரொம்ப நல்லா இருக்கு" என்று சொல்லித் தொலைத்தேன். அந்தச் சம்பந்தம் அத்தோடு முடிந்தது. அடுத்து வந்த சம்பந்தங்களுக்கெல்லாம் நான் ஊரில் இல்லை. பிறகு வருவதும் நின்றுபோனது. அந்த வீட்டில் மட்டும் இரண்டு படம் எடுத்தோம்.

பழைய நாளில் இயக்குநர் காரில் வருவார், ஒரு வளைவில் இறங்குவார், "இங்கதான்யா என் கதை நடக்குது" என்பார், அவ்வளவுதான். பெரிய ஸ்டுடியோக்கள் சீரிஸ் எடுக்க வந்த பிறகு முறையே வேறு. முதலில் ஒரு பக்கத்தில் கதை எழுதி மும்பைக்கு அனுப்புவார்கள். பிடித்துப்போனால், ஏழெட்டு எழுத்தாளர்களைச் சென்னையில் ஓர் அறையில் மாதக்கணக்கில் உட்கார வைப்பார்கள். சுவர் முழுக்க வண்ண வண்ணச் சீட்டாக ஒட்டியிருக்கும். கதை நடக்கும் உலகம், ஆட்கள், அவர்களுடைய பழைய கதை எல்லாம் சேர்ந்த தடித்த புத்தகம் ஒன்று தயாராகும். அதற்கு பைபிள் என்று பெயர். முதல் கூட்டத்திலேயே என்னைப் பார்த்து, "ஆரோக்கியம், பைபிள் படிச்சிட்டீங்களா?" என்றார்கள். "சின்ன வயசுலேயே படிச்சாச்சு" என்றேன். அறையே சிரித்தது. எதற்குச் சிரித்தார்கள் என்று எனக்கு மதியச் சாப்பாட்டின்போதுதான் தெரிந்தது.

அதற்குப் பிறகு ஒவ்வொரு எபிசோடுக்கும் ஸ்கிரிப்ட் எழுதுவார்கள். மேலிடத்திலிருந்து நோட்ஸ் வரும். நாயகியின் அப்பா நல்லவராக இருப்பது போரடிக்கிறது என்று ஒரு நோட்ஸ் வந்தால், அவர் மறுவாரம் கெட்டவர் ஆகிவிடுவார். அதற்கடுத்த வாரம் செத்தும்போவார். இப்படி மாற்றி மாற்றி எழுதி, கடைசியில் மேலிடம் சரி என்றால்தான் பணமும் ஆளும் நகரும். கதை வெளியே கசியக் கூடாது என்பதற்காக ஒவ்வொரு பிரதியிலும் அதைப் படிப்பவர் பெயரைப் பக்கத்துக்குப் பக்கம் அச்சடித்திருப்பார்கள். எங்களைப் போன்றவர்களுக்கு அந்தப் பிரதியும் கிடையாது. 'வீடு, உயரமான படி, பகல்' என்று இடங்களின் குறிப்பு மட்டும் வரும். கதை எழுதுகிறவர்கள் ஒரு மாடி, படம் எடுக்கிறவர்கள் வேறு மாடி. அந்த இரண்டு மாடிக்கும் நடுவில் லிஃப்ட் இருந்ததே தவிரப் பேச்சு இல்லை. பின்னால் நடந்ததெல்லாம் இதனால்தான்.

எங்கள் பள்ளத்தாக்குக்கு வந்த முதல் சீரிஸில் வீரபாண்டித் திருவிழா வேண்டும் என்றார்கள். மும்பையிலிருந்து வந்திருந்த ஒருவர், நடிகையின் தேதி ஒத்துவரவில்லை, திருவிழாவை ஒரு வாரம் தள்ளி வைக்க யாரிடம் பேச வேண்டும் என்று என்னிடம் கேட்டார். பக்கத்தில் நின்ற டீக்கடைக்காரர், "கௌமாரியம்மன்கிட்டதாண்ணே கால்ஷீட் கேக்கணும், ஆத்தா யாருக்கும் தேதி மாத்தினது இல்ல" என்றார். அதை நான் அப்படியே மொழிபெயர்த்துச் சொன்னேன். அவர் அதையும் எழுதிக்கொண்டார்.

அந்தக் கூட்டத்தில் மனுஷியாக எனக்குத் தெரிந்தவர் மாலினி மேடம் ஒருவர்தான். ஸ்டுடியோ சார்பில் சீரிஸை நடத்திக் கொடுக்கும் எக்ஸிகியூட்டிவ் புரொடியூசர் அவர். மெலிந்த உருவம், பருத்திப் புடவை, குரல் உயர்ந்து நான் கேட்டதே இல்லை. இடம் பார்க்க வந்தால் எந்த வீட்டு வாசலிலும் முதலில் செருப்பைக் கழற்றுவார், பாழடைந்த வீடாக இருந்தாலும் சரி. உள்ளே போனதும் கேட்கிற முதல் கேள்வி, "பாத்ரூம் எங்க இருக்கு?" என்பது. கேமராமேன் ஜன்னலையும் கூரையையும் பார்த்து வியந்துகொண்டிருக்கும்போது மேடம் குழாயைத் திறந்து தண்ணீர் வருகிறதா என்று பார்த்துக்கொண்டிருப்பார். "வேலை பாக்குற பொண்ணுங்க நாள் முழுக்க அடக்கிட்டு நிக்க முடியாது ஆரோக்கியம்" என்று ஒருமுறை சொன்னார். ஆளில்லாத வீட்டை அவர் எடுக்கவே மாட்டார். பூட்டிக் கிடந்த வீட்டை எவ்வளவு அலங்கரித்தாலும் அடுப்பெரியாத வீடு என்பது திரையில் தெரிந்துவிடும் என்பார்.

அவரிடம் ஒரே ஒரு சங்கடம் உண்டு. எதற்கும் ஆம் என்றும் சொல்ல மாட்டார், இல்லை என்றும் சொல்ல மாட்டார். "நோட் பண்ணிக்கிறேன்" என்பார். போனில் என்றால் முதலில் ஒரு நீண்ட மௌனம் இருக்கும், லைன் போய்விட்டதோ என்று நாம் 'ஹலோ ஹலோ' என்று கத்திய பிறகு அந்த 'நோட் பண்ணிக்கிறேன்' வரும். அவருக்கு மேலே எத்தனை பேர் இருந்தார்கள் என்பது புரிந்த பிறகு அவர் மேல் எனக்கு வருத்தம் இருந்ததில்லை.

வேலுச்சாமி வீட்டை அவருக்குக் காட்டியது நான்தான். கோம்பை போகும் வழியில் மலையை ஒட்டிய ஊர் அது. மழைக்காலத்தில் மலைத்தண்ணீர் தெருவோடு இறங்கி ஓடும் என்பதால் அங்கே வீடுகளை உயரத் தூக்கிக் கட்டியிருப்பார்கள். தெருவோ ஒரு மாட்டுவண்டி அகலம். வேலுச்சாமி வீட்டுக்குக் கருங்கல் படிக்கட்டு, தேய்ந்து வழவழவென்று இருக்கும், செங்குத்தாக வாசலுக்கு ஏறும். பின்பக்கச் சுவரை உரசிக்கொண்டு வாய்க்கால் போவதால் கொல்லைவாசல் கிடையாது. வேலுச்சாமி ஏலக்காய் எஸ்டேட்டில் மேஸ்திரி. தினமும் விடியுமுன் ஜீப்பில் கேரளாப் பக்கம் போய்ப் பொழுதடையத் திரும்புவார். மனைவி காமாட்சி வீட்டிலேயே தையல் மிஷின் வைத்திருந்தாள். ஒரே மகள் கோயம்புத்தூரில் நர்ஸாக இருந்தாள்.

மேடம் வந்தார், செருப்பைக் கழற்றினார், குழாயைத் திறந்தார், வெளியே வந்து படியில் உட்கார்ந்தார். ரொம்ப நேரம் எழுந்திருக்கவில்லை. பிறகு, "நோட் பண்ணிக்கிறேன்" என்றார். சரி, வீடு அவருக்குப் பிடித்துவிட்டது என்று எனக்குத் தெரிந்தது.

அங்கே எடுத்த சீரிஸ் வெளியாகி ஓடு ஓடென்று ஓடியது. நாயகி அந்தப் படிக்கட்டில் முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பதுதான் போஸ்டர். எங்கெங்கிருந்தோ காரில் வந்து, அதே மாதிரி உட்கார்ந்து படம் பிடித்துக்கொண்டு போனார்கள். வேலுச்சாமிக்குப் பெருமை பிடிபடவில்லை. "அண்ணே, எங்க தாத்தா தூக்கிப் போட்ட கல்லுண்ணே, இன்னைக்கு அமெரிக்காக்காரன் பாக்கான்" என்று என்னைக் கண்டபோதெல்லாம் சொல்வார்.

இரண்டாம் பாகம் எழுதப்போவதாக ஸ்டுடியோ அறிவித்தது. எழுதி, நோட்ஸ் வாங்கி, திருத்தி, மேலிடம் சரி சொல்லும்வரை வீடு அப்படியே இருக்க வேண்டும். முதல் பாகத்தில் நீலமாக இருந்த சுவர் இரண்டாம் பாகத்தில் பச்சையாக இருந்தால் பார்க்கிறவர்கள் கண்டுபிடித்துவிடுவார்கள். இதற்குத்தான் கண்டினியூட்டி என்று பெயர். ஆகவே வீட்டைப் 'பிடித்து வைப்பது' என்று ஓர் ஒப்பந்தம் போட்டார்கள். முகப்பில் எதையும் இடிக்கக் கூடாது, பூசக் கூடாது, மாற்றக் கூடாது. அதற்கு மாதாமாதம் ஒரு தொகை வரும். நான் மாதம் ஒருமுறை போய்க் குறித்த இடங்களில் நின்று போட்டோ எடுத்து அனுப்ப வேண்டும்.

அந்த ஒருநாளுக்காக மாதம் முழுக்கக் காத்திருந்தேன் என்பதை மறைப்பானேன். தேனியில் எனக்கு இருந்தது மெஸ் சாப்பாடும் ஒற்றைக் கட்டிலும்தான். அங்கே போனால் போட்டோ எடுக்க அரைமணி நேரம்கூட ஆகாது, ஆனால் பொழுது சாய்ந்த பிறகுதான் கிளம்புவேன். காமாட்சி மொச்சைக் குழம்பு வைத்திருப்பாள். "அண்ணே, தட்டைப் போட்டுட்டேன், போட்டோ எங்கனயும் ஓடிறாது" என்பாள்.

ஒப்பந்தம் போட்ட அடுத்த வருஷம், கம்பம்மெட்டு மலைப்பாதையில் எஸ்டேட்டுக்கு ஆள் ஏற்றிப் போன ஜீப் கவிழ்ந்தது. வேலுச்சாமி உயிர் பிழைத்தார், இடுப்புக்குக் கீழே அசைவு போய்விட்டது. மதுரையில் மாதக்கணக்கில் வைத்தியம் பார்த்து, சக்கர நாற்காலியோடு அனுப்பிவைத்தார்கள். அந்தப் படிக்கட்டில் நாலு பேர் சேர்ந்து நாற்காலியோடு தூக்கி ஏற்றினார்கள். ஒருமுறை ஆஸ்பத்திரிக்கு இறக்கும்போது வழுவழுப்பில் ஒருவர் கால் வழுக்கி, நாற்காலி சாய்ந்து, வேலுச்சாமி நடுப்படியில் விழுந்தார். அடி பெரிதாக இல்லை. ஆனால் தெருவே பார்த்துக்கொண்டிருந்தது. அன்றோடு வெளியே வர மாட்டேன் என்று சொல்லிவிட்டார். டாக்டரை வீட்டுக்கு வரவழைத்தார்கள்.

சாய்தளம் போட்டால் தீர்ந்தது என்று யாருக்கும் தோன்றும். எனக்கும் தோன்றியது. ஆர்ட் டிபார்ட்மெண்டில் பழக்கமான தச்சரை அழைத்துப் போய்ப் படிக்கட்டின் மேலேயே மரப்பலகையில் கழற்றி மாட்டுகிற மாதிரி செய்ய முடியுமா என்று பார்த்தேன். அவர் அளந்து பார்த்துவிட்டுத் தலையை ஆட்டினார். நாற்காலி பத்திரமாக இறங்க வேண்டுமென்றால் பலகை தெருவைக் கடந்து எதிர்வீட்டுக்குள் போகும் என்றார். உள்ளூர்க் கொத்தனார் வேறு வழி சொன்னார். படிக்கட்டை எடுத்துவிட்டுச் சுவரோரமாகவே நீளவாக்கில் சாய்த்துக் கட்டலாம். அது ஒன்றுதான் வழி. ஒப்பந்தப்படி செய்யக் கூடாததும் அது ஒன்றுதான்.

காமாட்சி தயங்கினாள். மாதாமாதம் வந்த தொகை மருந்துக்கு ஆகிக்கொண்டிருந்தது. "ரெண்டாம் பாகம் எடுத்து முடிச்சிட்டா அவுகளே நல்லா கட்டிக் குடுத்துருவாக, கொஞ்சம் பொறுங்க" என்று கணவரிடம் சொன்னாள். வேலுச்சாமி சுவரைப் பார்த்துக்கொண்டு, "பொறுக்கேன். பொணமாத்தான் இந்தப் படியில எறங்குவேன் போலருக்கு, அப்பவும் கல்லு உடையாமப் பாத்துக்கங்க" என்றார். அன்று பாதிச் சாப்பாட்டில் எழுந்துவிட்டேன்.

மாலினி மேடத்துக்குப் போன் போட்டு விஷயத்தைச் சொன்னேன். மௌனம். "நோட் பண்ணிக்கிறேன்." அடுத்த மாதமும் சொன்னேன், அதே பதில். ஒப்பந்தப் பிரிவுக்கு எழுதினேன். கதை முடிவாகும்வரை எந்த மாற்றமும் கூடாது என்று பதில் வந்தது. கதை முடிவாகிவிட்டதா என்று கேட்டேன். அது தங்கள் பிரிவுக்குத் தெரியாது என்றார்கள். கதைப் பிரிவில் கேட்டால், கதையைப் பற்றிப் பேச எனக்கு அனுமதி இல்லை என்றார்கள். இதற்குள் தீபாவளி வந்துபோனது, வீரபாண்டித் திருவிழாவும் வந்துபோனது. ஊரே வண்டி கட்டிக்கொண்டு போனபோது வேலுச்சாமி நிலைப்படிக்கு உள்பக்கம் நாற்காலியைத் தள்ளிவந்து, போகிறவர்களின் தலைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். அந்த உயரத்திலிருந்து தலைகள்தான் தெரியும்.

செல்ஃபி எடுக்க வருகிறவர்கள் மட்டும் நின்றபாடில்லை. ஒருநாள் நான் போயிருந்தபோது ஒரு பெண் படியில் உட்கார்ந்துகொண்டு, வாசலில் நாற்காலி தெரிகிறது, அதைக் கொஞ்சம் உள்ளே தள்ளிக்கொள்ள முடியுமா என்று கேட்டாள். நல்ல பெண்தான், தெரியாமல் கேட்டாள். வேலுச்சாமி உள்ளே தள்ளிக்கொண்டார்.

தேனி வந்ததும் பஸ் ஸ்டாண்டிலேயே நின்று மேடத்துக்குப் போன் செய்தேன். என் குரல் எனக்கே புதிதாக இருந்தது.

"மேடம், எனக்குக் கதை வேணாம். யாரு சாகுறா, யாரு பொழைக்கிறா, எதுவும் வேணாம். ரெண்டாம் பாகத்துல அந்தப் படிக்கட்டு இருக்கா இல்லையா? அதை மட்டும் சொல்லுங்க."

மௌனம். நான் இந்த முறை 'ஹலோ' சொல்லவில்லை. பஸ்கள் வந்துபோய்க்கொண்டிருந்தன. காதில் வைத்தபடியே நின்றேன்.

"ஆரோக்கியம், நான் இப்ப சொல்லப்போறதை நான் சொல்லவே இல்ல."

"சரிங்க மேடம்."

"படிக்கட்டு இல்ல. அந்தக் குடும்பம் மெட்ராஸுக்குப் போயிடுது. வீடே இல்ல. எழுதி முடிச்சு ரொம்ப நாள் ஆச்சு."

மேல் மாடியில் அந்த வீட்டை எப்போதோ விட்டுவிட்டார்கள். கீழ் மாடியில் நாங்கள் அதைக் காவல் காத்துக்கொண்டிருந்திருக்கிறோம். மாதாமாதம் என் போட்டோக்களை யார் பார்த்தார்கள் என்று கேட்க நினைத்தேன், கேட்கவில்லை. அவர் தன் வேலையையே பணயம் வைத்து அந்த வார்த்தையைச் சொல்லியிருந்தார்.

ஒப்பந்தத்திலிருந்து வீட்டை விடுவிக்கும் கடிதம் வரும்வரை காத்திருப்பதுதான் முறை. அது எப்போது வரும் என்று யாருக்கும் தெரியாது. நான் மறுநாளே கொத்தனாரைக் கூட்டிக்கொண்டு போனேன். "ஏத்தா காமாட்சி, படியை எடுத்துருவோம். கம்பெனிக்காரவுக என்ன கேட்டாலும் ஆரோக்கியம்தான் எடுக்கச் சொன்னாருன்னு சொல்லு. மாசப் பணம் நின்னுரும், அதையும் யோசிச்சுக்க" என்றேன். அவள் தையல் மிஷினைப் பார்த்தாள், புருஷனைப் பார்த்தாள். "இன்னும் ரெண்டு ஜாக்கெட் சேத்துத் தச்சுக்கிறேண்ணே, எடுக்கச் சொல்லுங்க" என்றாள். கொத்தனார் முதல் கல்லை நெம்பியபோது வேலுச்சாமி மட்டும் கண்ணை மூடிக்கொண்டார். அவர் தாத்தா போட்ட கல் அல்லவா.

சிமெண்ட் இறுகிய பிறகு அவர் முதன்முதலாகத் தானே சக்கரத்தை உருட்டிக்கொண்டு இறங்கினார். நாங்கள் இரண்டு பக்கமும் கையை நீட்டிக்கொண்டு நடந்தோம், தேவைப்படவில்லை. கோயிலுக்குப் போவார், டீக்கடைக்குப் போவார் என்று தெரு பார்த்துக்கொண்டிருந்தது. அவர் எதிர்ச்சுவர் ஓரமாகப் போய்த் திரும்பி நின்று, தன் வீட்டை மேலும் கீழும் பார்த்தார். "ஊருப்பட்ட பேரு பாத்தாக, நான் பாத்து எம்புட்டு நாளாச்சு" என்றார். பிறகுதான் டீ கேட்டார்.

போஸ்டரில் இருந்த படிக்கட்டு இல்லாமல் போனதைச் செல்ஃபி எடுக்க வந்த யாரோ இணையத்தில் போட, விஷயம் ஸ்டுடியோவுக்குப் போனது. ஒப்பந்தப் பிரிவிலிருந்து கூப்பிட்டு, யார் அனுமதித்தார்கள் என்று கேட்டார்கள். நான்தான் என்றேன். மேலே யாராவது சொன்னார்களா என்றார்கள். இல்லை என்றேன். வீட்டுக்காரர்களை விட்டுவிட்டார்கள், அந்தமட்டுக்கு நல்லவர்கள். என்னை மட்டும் தங்கள் ஆட்களின் வரிசையிலிருந்து எடுத்துவிட்டார்கள். ஒரு பெரிய ஸ்டுடியோ எடுத்துவிட்டால் மற்றவர்களும் கூப்பிட மாட்டார்கள். எனக்கு ஓய்வு வயதும் நெருங்கியிருந்ததால், ஓய்வு பெற்றுவிட்டேன் என்று சொல்லிக்கொள்ள வசதியாகப் போயிற்று.

மாலினி மேடம் அதன்பின் ஒருமுறை போன் செய்தார்.

"ஏன் என் பேரைச் சொல்லல ஆரோக்கியம்?"

"நீங்கதான் சொல்லவே இல்லையே மேடம்."

வழக்கமான மௌனம். இந்தத் தடவை 'நோட் பண்ணிக்கிறேன்' வரவில்லை. "உடம்பைப் பாத்துக்கங்க" என்று வைத்துவிட்டார். அந்தப் போனுக்குப் பிறகு தொழில் சம்பந்தமாக என் போன் ஒலித்ததே இல்லை. காலையில் எழுந்து சட்டை மாட்டிக்கொண்டு, போக இடமில்லாமல் கட்டிலில் உட்கார்ந்திருப்பேன். தனிமையாக இருக்கிறது என்று அக்காவிடம் சொன்னால், அன்றைக்கே அந்தப் பெண்ணை ஒழுங்காகப் பார்த்திருக்கலாமே என்பாள். வேலுச்சாமி வீட்டுக்கும் போகவில்லை. போட்டோ எடுக்கிற வேலை முடிந்துவிட்டது, எந்த முகத்தோடு சாப்பாட்டு நேரத்துக்குப் போய் நிற்பது என்று கூச்சம்.

இரண்டாம் பாகம் ஒருவழியாக வெளிவந்தது. காமாட்சி போன் போட்டு, "அண்ணே, ஞாயித்துக்கிழமை வந்துருங்க, எல்லாரும் சேந்து பாப்போம்" என்றாள். போனேன். மகளும் வந்திருந்தாள், அக்கம்பக்கத்து ஆட்களும் டிவி முன்னால் உட்கார்ந்திருந்தார்கள். முதல் காட்சியிலேயே நாயகி படிக்கட்டில் உட்கார்ந்திருந்தாள். அதே கருங்கல், அதே வழவழப்பு, அதே நீலச் சுவர். எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. கதையை மறுபடி மாற்றியிருக்கிறார்கள். மெட்ராஸ் போன குடும்பத்தை யாரோ ஒருவருடைய நோட்ஸ் திரும்ப ஊருக்கே கூட்டி வந்துவிட்டது. ஆர்ட் டிபார்ட்மெண்ட் பையன் ஒருவன் அப்புறம் சொன்னான், சென்னையில் ஸ்டுடியோ ஃப்ளோரில் என் மாதாந்திரப் போட்டோக்களை வைத்தே, கல்லில் இருந்த விரிசல் வரைக்கும் அப்படியே செட் போட்டார்களாம். ஆக, யாரோ அவற்றைப் பார்த்திருக்கிறார்கள்.

வேலுச்சாமி படிக்கட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். "நல்லாத்தான் இருக்கு. அங்கனயே இருக்கட்டும்" என்றார். எல்லோரும் சிரித்தார்கள்.

எபிசோடு முடிந்து பெயர்கள் ஓட ஆரம்பித்தன. இரண்டு பெயர் போவதற்குள் டிவி தானாகவே அடுத்த எபிசோடுக்குத் தாவியது. "ஏய், நிப்பாட்டு நிப்பாட்டு, அண்ணன் பேரு வரணும்" என்று வேலுச்சாமி சத்தம் போட்டார். மகள் ரிமோட்டை வாங்கிப் பின்னால் ஓட்டினாள். மறுபடி தாவியது. மூன்றாவது முறை எதையோ அழுத்தி நிறுத்தி, பெயர்களை முழுதாக ஓடவிட்டாள். கேரவன் ஓட்டியவர் பெயர் வந்தது, சாப்பாடு போட்டவர் பெயர் வந்தது. ஃபேனை நிறுத்திவிட்டு எல்லோரும் கூர்ந்து பார்த்தார்கள். என் பெயர் அதில் இருக்காது என்பது எனக்குத் தெரியும். அவர்கள் அத்தனை ஆர்வமாகத் தேடியபோது, இல்லை என்று சொல்ல வாய் வரவில்லை.

"வேகமாப் போயிருச்சு. இன்னொரு தரம் போடு ஆத்தா" என்றார் வேலுச்சாமி. இன்னொரு தரம் ஓடியது. அதிலும் இல்லை. காமாட்சி எழுந்து ஃபேனைப் போட்டாள். "ஏண்ணே, எங்களாலயா?" என்று மட்டும் கேட்டாள். "சேச்சே, வயசாச்சுல்ல, நானே வேணாம்னு வந்துட்டேன்" என்றேன். அவள் நம்பவில்லை.

கிளம்பியபோது வேலுச்சாமியும் நாற்காலியைத் திருப்பினார். வேண்டாம் என்றதற்குக் கேட்கவில்லை. சாய்தளத்தில் இறங்கி, தெரு முழுக்க எனக்குப் பக்கத்தில் உருட்டிக்கொண்டே வந்தார். வேலை பார்த்த காலத்தில் எல்லோரும் போன பிறகு கடைசியாகக் கிளம்பியே பழகியவன் நான். பஸ் ஸ்டாப் வரை ஒருவர் கூட வருவது எப்படிப்பட்டது என்று தெரியாததால், என்ன பேசுவது என்றும் தெரியவில்லை. புளியமரத்தடியில் நின்றோம்.

"அடுத்த மாசம் எப்பண்ணே வர்றீக?" என்றார்.

"இனிமே இங்கன எனக்கு வேலை ஒண்ணும் இல்லையே வேலு."

"வேலை இருந்தா நீங்களே வந்துருவீக. இல்லாததுனாலதான கேக்கேன்."

பஸ் வந்துவிட்டது. ஏறி ஜன்னலோரம் உட்கார்ந்தேன். உத்தமபாளையம் வரும்வரை அழுதுகொண்டே போனேன்.